ஒரே காட்சி, மூன்று உரைகள்: கிறிஸ் மார்க்கரை முன்வைத்து

திரைப்படம் காட்சியின் கலை. அதில் விளக்கவுரை மிகுவது இயக்குநரின் இயலாமையே என நாம் நெடுநாள் கருதி வந்தோம். வகுப்பறையிலும் அவ்வாறே கூறியிருக்கிறோம். அக்கருத்து பிழையென உணர்த்தியவர் பிரெஞ்சுக் கலைஞர் கிறிஸ் மார்க்கர் (1921–2012).

1957இல் அவர் எடுத்த ‘சைபீரியாவிலிருந்து ஒரு கடிதம்’ என்னும் படத்தில் யாகுட்ஸ்க் நகரத் தெருவொன்று வருகிறது. பேருந்து செல்கிறது, தொழிலாளர்கள் சாலையைச் செப்பனிடுகிறார்கள், ஒருவர் காமிராவைக் கடந்து போகிறார். இதே காட்சியை மார்க்கர் மும்முறை காட்டுகிறார். முதலில் சோவியத் ஆட்சியைப் புகழும் குரல். அடுத்து இகழும் குரல். பின்னர் நடுநிலைக் குரல். காட்சி மாறவில்லை, பொருளோ முற்றிலும் மாறிவிடுகிறது. நடுநிலையும் முழு உண்மை ஆகாது என்பதை அவர் அங்கேயே சுட்டவும் தவறவில்லை.

ஒரு மூலத்துக்குப் பல உரைகளைப் பயின்றோர்க்கு இது புதிதன்று. ஆயினும் உரையாசிரியரின் சமயச் சார்பைத் துருவி ஆராயும் நாம், செய்திப்படத்தின் பின்னணிக் குரலை அவ்வாறு ஆராய்ந்ததுண்டா?

மார்க்கரை ‘லா ஜெத்தே’ (1962) என்ற 28 நிமிடப் படத்தோடு நிறுத்திவிடுவது பலருக்கும் வழக்கம். அசையாப் புகைப்படங்களால் அமைந்த அப்படத்தில், படுத்திருக்கும் பெண் கண் விழிக்கும் சில நொடிகள் மட்டுமே அசைகின்றன. அது அருஞ்சாதனையே, ஐயமில்லை. எனினும் அவரைப் ‘பரிசோதனையாளர்’ என்று மட்டும் கூறி நகர்வது நியாயமன்று.

அலன் ரெனேயுடன் இணைந்து 1953இல் எடுத்த ‘சிலைகளும் மடிகின்றன’ படம், ஆப்பிரிக்கச் சிற்பங்களை ஐரோப்பிய அருங்காட்சியகங்கள் உயிரற்ற பொருள்களாக்கியதைச் சாடியது. காலனிய எதிர்ப்புக்காகத் தணிக்கைக்குள்ளாகி, பத்தாண்டுகளுக்கும் மேலாக அது பிரான்சில் முழுமையாகத் திரைக்கு வர இயலவில்லை. ‘சான் சொலே’ (1983) படத்தில், கற்பனையான ஒளிப்பதிவாளர் ஒருவர் ஜப்பானிலிருந்தும் கினி-பிசாவிலிருந்தும் எழுதிய கடிதங்களை ஒரு பெண்குரல் வாசிக்கிறது. 1990இல் பாரிஸின் பொம்பிதூ மையத்தில் அவர் அமைத்த ‘ஸாப்பிங் ஸோன்’ தொலைக்காட்சித் திரைகளால் ஆனது. பின்னர் ‘இம்மெமரி’ குறுந்தகடு. ஊடகங்கள் மாறின, வினா ஒன்றே: நினைவுக்குச் சொல் தருபவர் யார்?

மார்க்கரின் சொல்வன்மை காட்சியையே விழுங்கிவிடுகிறது என்பாருமுண்டு. ‘சான் சொலே’யின் சில பகுதிகளில் அக்குரலுக்கு நாமும் மயங்கியதுண்டு. ஆனால் உரையை ஐயுறக் கற்பித்தவரும் அவரே. தம் குரலுக்கு அவர் விலக்குக் கோரவில்லை.

கைபேசியில் நாள்தோறும் எத்தனையோ காணொளிகள் நம்மை வந்தடைகின்றன. எவரோ எங்கோ எடுத்த காட்சிக்கு வேறெவரோ குரல் சேர்க்கிறார். நாம் அதை மெய்யென நம்பிப் பிறர்க்கும் அனுப்புகிறோம். மாணவர்களிடம் நாம் இப்போது சொல்வது இதுவே: முதலில் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள்; பிறகு ஒலியுடன் பாருங்கள். இரண்டுக்கும் இடையிலுள்ள தொலைவை அளந்த பின்னரே அதைப் பிறருக்கு அனுப்புவதா என்று முடிவு செய்யுங்கள்.