ராஜா சாண்டோவும் நமது மறதியும்

தியாகராஜ பாகவதரின் பெயரை அறியாத முதியோர் நம் ஈரோட்டில் அருமை. ஆயின், அவர் நடித்த 'திருநீலகண்டர்' என்னும் படத்தை 1939-இல் இயற்றியவர் யாரென வினவினால் விடை வருவதில்லை. நடிகர் முகம் நிலைக்க, இயக்கியோர் பெயர் மறைதல் உலக வழக்கேயாம். எனினும் பி. கே. ராஜா சாண்டோவின் விஷயத்தில் அவ்வழக்கு அநீதியாய் முடிந்தது என்பது எமது கருத்து.

புதுக்கோட்டையிற் பிறந்த நாகலிங்கம் தேகப் பயிற்சியிற் சிறந்து, யூஜின் சாண்டோ என்னும் ஐரோப்பியப் பலசாலியின் பெயரைத் தம்மோடு சேர்த்துக்கொண்டு, பம்பாயில் ஊமைப்பட நாயகரானார். இத்தாலியிலும் இதற்கொப்ப ஒன்று நிகழ்ந்தது. ஜெனோவாத் துறைமுகத் தொழிலாளியாயிருந்த பகானோ, பாஸ்த்ரோனே என்பார் இயற்றிய 'கபீரியா' (1914) என்னும் படத்திற் பலசாலியாகத் தோன்றிப் புகழெய்தினார். பகானோ நடிகராகவே நின்றுவிட்டார். நம்மவரோ படம் இயற்றும் வித்தையையுங் கைக்கொண்டு சென்னைக்கு வந்தார்.

புராணக் கதையல்லால் பணந் தராது என்று முதலாளிகள் பலர் நம்பியிருந்த காலம் அது. அக்காலத்தே 'பேயும் பெண்ணும்' (1930), வை. மு. கோதைநாயகி அம்மாளின் நாவலாகிய 'அநாதைப் பெண்' (1931) முதலியவற்றை எடுக்கத் துணிவு வேண்டும். பேசும்படம் வந்த பின்னரும் அத்துணிவு குன்றவில்லை. வடுவூர் துரைசாமி ஐயங்காரின் 'மேனகா'வை 1935-இல் டி. கே. எஸ். சகோதரர்களைக் கொண்டு படமாக்கினார், என். எஸ். கிருஷ்ணனும் அதில் நடித்தார். (1944-இல் நம் ஈரோட்டில் நாடகக் கலை மாநாடு கூட்டியவர்களும் இச்சகோதரர்களே.) மறு ஆண்டு வந்த 'சந்திரகாந்தா' மடாதிபதி ஒருவரின் ஒழுக்கக்கேட்டை வெளிப்படையாகக் காட்டிற்று. அவர் படங்கள் யாவும் உயர்ந்தவை என யாம் வாதிடோம். புராணங்களையும் அவர் எடுத்ததுண்டு. வழி திறந்தவர் என்பதே எமது வாதம்.

அவருடைய கடைசிக் காலம் கொங்கு நாட்டைச் சார்ந்தது. கோயம்புத்தூரில் 'சிவகவி'யை இயக்கத் தொடங்கியவர் அவரே. கருத்து வேற்றுமையால் விலக, ஸ்ரீராமுலு நாயுடு அதனை முடித்தார். படம் வெளிவந்த 1943-ஆம் ஆண்டிலேயே அந்நகரில் ராஜா சாண்டோ காலமானார்.

நிற்க. அவர் சென்னையில் இயற்றிய ஊமைப்படங்களுள் ஒன்றேனும் இன்று கிட்டவில்லை. அந்நாளைய படச்சுருள் எளிதிற் தீப்பற்றும் இயல்பினது. வெள்ளிக்காக அதனை உருக்கினவரும் உண்டு. புனாவில் தேசியத் திரைப்படக் காப்பகம் 1964-இல் தான் தோன்றிற்று. அதற்குள் பெரும்பகுதி அழிந்துபோயிற்று. 'கபீரியா'வையோ துரின் நகரத்துக் காட்சிசாலையார் செப்பனிட்டுக் காத்துள்ளனர். தமிழ்நாட்டு அரசாங்கம் ராஜா சாண்டோவின் பெயரால் விருதொன்று ஏற்படுத்தியது நன்றே. ஆனால் அவருடைய ஆரம்ப வேலையைக் காண விரும்பும் மாணவன் எங்கே செல்வான்?

படம் போயினும் காகிதம் முற்றும் போய்விடவில்லை. கொட்டகைகளில் விற்ற பாட்டுப் புத்தகங்களும் விளம்பர நோட்டீசுகளும் நம் மாவட்டத்துப் பழைய வீடுகளின் பரண்களிற் கிடத்தல் கூடும். கதைச் சுருக்கமும் நடிகர் பெயரும் அவற்றில் அச்சாகியிருக்கும். விடுமுறைக்கு ஊர் செல்லும் மாணவர்கள், எடைக்குப் போடுமுன் அவற்றைக் கேட்டு வாங்கி நம் கல்லூரி நூல்நிலையத்திற் சேர்ப்பிக்குமாறு வேண்டுகிறோம்.