கடல் காவலருக்கு அதிகாரம் வேண்டாமா?

மும்பைக்கு மேற்கே சுமார் 160 கிலோமீட்டர். நடுக்கடலில் இரும்புக் கால் ஊன்றி நிற்கின்றன 'பாம்பே ஹை' எண்ணெய் மேடைகள். அங்கே எண்ணெய் கண்டது 1974-ல்.

இவற்றின் பாதுகாப்புக்கென்றே கடற்படை அதிகாரி ஒருவர் தலைமையில் 1983-ல் ஒரு குழு போட்டார்கள். 'ஆலோசனைக் குழு' என்று பெயர்! ஆலோசனை சொல்லலாம். கேட்டால்தானே?

எதிரி வருவானா என்று பார்த்துக்கொண்டிருந்தோம். வந்தது நம்ம கப்பல்!

2005 ஜூலை 27. கப்பலில் சமையல்காரருக்கு விரல் வெட்டுப்பட்டது. அவரை மேடையில் ஏற்ற, கொந்தளிக்கும் கடலில் நெருங்கிப் போன கப்பல் குழாயில் மோதியது. குபீரென்று தீ! இரண்டு மணி நேரத்தில் மேடையே காலி. 22 உயிர் போச்சு. 362 பேர் தப்பினார்கள்.

2021 மே மாதம் 'டவ்-தே' புயல். எச்சரிக்கை முன்னாடியே வந்தது. அப்படியும் ஆட்கள் தங்கியிருந்த மிதவைக் கப்பல் கடலிலேயே நின்று மூழ்கியது. பேயாய் அடித்த அலையில் 186 பேரைக் கடற்படைதான் இழுத்துக் கரை சேர்த்தது.

முங்கின பிறகு தூக்க மட்டும் கடற்படையா? புயல் என்றால், 'கிளம்பு துறைமுகத்துக்கு' என்று கேப்டனுக்கும் கம்பெனிக்கும் நேரே உத்தரவு போடும் அதிகாரத்தை அந்த அதிகாரிக்கே டில்லி கொடுக்கட்டும்.