விசில் விழுந்தால் வெட்டு இல்லை

மத்திய திரைப்படத் தணிக்கை வாரியத் தலைவர் அவர்களுக்கு,

விதிகளை உங்களுக்கு நான் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. ‘சந்தோஷ்’ என்ற ஒரு படத்தைப் பற்றி மட்டும் கேட்கிறேன்.

சந்தியா சூரி இயக்கியது. கணவன் இறந்தபின் அவனுடைய கான்ஸ்டபிள் வேலைக்கு வரும் ஓர் இளம் விதவை, தலித் சிறுமி ஒருத்தியின் கொலை வழக்குக்குள் இழுக்கப்படுகிறாள். முஸ்லிம் இளைஞன் ஒருவன் பிடிபடுகிறான். விசாரணை என்ற பெயரில் அடி விழுகிறது. 2024-இல் கான் விழாவில் திரையிட்டார்கள். பிரிட்டன் தன் சார்பில் ஆஸ்கருக்கு அனுப்பியது. எடுத்தது இங்கே, பேசுவது இந்தி. 2025 ஜனவரியில் வெளியாக வேண்டிய படத்துக்குப் பக்கம் பக்கமாக வெட்டுப் பட்டியல் கொடுத்தீர்கள். அத்தனையையும் வெட்டிவிட்டுக் கதை சொல்ல முடியாது என்றார் இயக்குநர். படம் அப்படியே நின்றது.

வன்முறைதான் உறுத்தியது என்றே வைத்துக்கொள்வோம். ‘அனிமல்’ படத்தில் கோடாரி எத்தனை பேரைச் சாய்த்தது? ‘மார்கோ’வில் குழந்தைகளையும் விடவில்லையே? இரண்டுக்கும் ‘ஏ’ கொடுத்து அனுப்பினீர்கள். தவறென்று சொல்லமாட்டேன், ரத்தப் படங்களைத் தடைசெய்யச் சொல்லும் ஆள் நானில்லை. (கேரளத்தில் கூச்சல் எழுந்ததும் ‘மார்கோ’வைத் தொலைக்காட்சிக்கு மட்டும் மறுத்தீர்கள், அது வேறு கதை.) அதே ‘ஏ’ ‘சந்தோஷு’க்கு ஏன் போதவில்லை?

போலீஸ் அடிப்பதைக் காட்டக் கூடாது என்பீர்களா? ‘தர்பார்’ கதாநாயகன் சுட்டுத் தள்ளிக்கொண்டே போகிறார், விசாரிக்க வந்த மனித உரிமை ஆணையத்தாரையே மிரட்டுகிறார். அது ‘யு/ஏ’. பிள்ளைகுட்டிகளோடு போய்ப் பார்த்தோம், விசிலும் அடித்தோம். ‘சந்தோஷி’ல் விழும் அடிக்கு யாரும் விசிலடிக்க முடியாது. உங்களை உறுத்துவது அதுதானே ஐயா?

மேல்முறையீடு செய்யலாமே என்பீர்கள். எங்கே போய்ச் செய்வது? அதற்கென்று இருந்த தீர்ப்பாயத்தை 2021-இல் கலைத்தாயிற்று. மிச்சமிருப்பது நீதிமன்றப் படிக்கட்டு. சின்னப் படக்காரன் அதில் ஏறி இறங்குவதற்குள் படமே பழசாகிவிடும். ‘சந்தோஷ்’ 2025 அக்டோபரில் ஓடிடியில் வருகிறது என்றார்கள், அதுவும் நின்றுபோனது. அதில் உங்கள் கை இல்லை என்பீர்கள். இருக்கட்டும்.

எனக்கு ஒரே ஒரு விவரம் தெரிந்தால் போதும். அந்த விசாரணைக் காட்சிக்கு அதிரடியாக ஒரு பாட்டுப் போட்டு, லத்தியை ஸ்லோமோஷனில் சுழலவிட்டு மறுபடி அனுப்பினால் ‘யு/ஏ’ கிடைக்குமா? எழுத்தில் தெரிவிக்கவும்.

இப்படிக்கு,
டிக்கெட் வாங்கிப் படம் பார்க்கும் ஒருவன்