பெரிய தோட்டா: கதை எவ்வளவு, நிஜம் எவ்வளவு?

தேர்தல் தேதி அறிவித்தால் போதும், உரிமம் பெற்ற துப்பாக்கிகளைக் காவல் நிலையத்தில் ஒப்படையுங்கள் என்று உத்தரவு வந்துவிடும். திருவண்ணாமலை மாவட்டத்தில் அந்த உரிமங்களுக்கான கோப்புகள் நகர்வது வேங்கிக்காலில் உள்ள ஆட்சியர் அலுவலகத்தில். மற்ற நாட்களில் துப்பாக்கியைப் பற்றி ஊரில் பெரிதாகப் பேச்சு எழுவதில்லை. ஜவ்வாது மலைக் கிராமங்களில் நாட்டுத் துப்பாக்கி பிடிபட்டால் ஒரு செய்தி வரும், அவ்வளவுதான். ஆனால் பேச்சு கிளம்பிவிட்டால், ராணுவத்தின் ‘பெரிய தோட்டா’வைப் பற்றிய கதைகளுக்குக் குறைவே இருக்காது. “ஐம்பது காலிபர் குண்டு பக்கத்துல போனாலே போதும்ணே, அந்தக் காத்துலயே கை பிஞ்சிடும்” என்பார் ஒருவர். “அதை மனுசன் மேல சுடவே கூடாது, ஜெனிவா ஒப்பந்தம் இருக்குபா” என்பார் இன்னொருவர். கொஞ்சம் சினிமா, கொஞ்சம் வீடியோ கேம், கொஞ்சம் வாட்ஸ்அப்.

இவற்றில் பெரும்பாலானவை பொய். பொய் என்பதைவிடப் பெரிய சிக்கல், நிஜமாகவே பயப்பட வேண்டிய விஷயத்தை இந்தக் கதைகள் மறைத்துவிடுகின்றன என்பதுதான்.

துளை பெரிதானால் சக்தி பெரிதா?

காலிபர் என்பது குழலின் உள்விட்டம், அதாவது குண்டின் பருமன். ‘ஐம்பது காலிபர்’ என்றால் ஓர் அங்குலத்தில் பாதி, 12.7 மி.மீ. சரி, ஏ.டி.எம்.முக்குப் பணம் கொண்டுவரும் வேனில் காவலர் ஒருவர் நீளத் துப்பாக்கியோடு உட்கார்ந்திருப்பாரே, அது பெரும்பாலும் 12 போர். அதன் குழல் விட்டம் சுமார் 18.5 மி.மீ. துளையை மட்டும் வைத்துப் பார்த்தால் வேன் காவலரின் கையில் இருப்பதுதான் பெரிய துப்பாக்கி! (12 போர் என்பதில் உள்ள 12 மி.மீ. கணக்கு அல்ல. அந்தக் குழலுக்குச் சரியாகப் பொருந்தும் 12 ஈயக் குண்டுகளைச் சேர்த்தால் ஒரு பவுண்டு எடை வரும் என்ற பழைய அளவு அது.) ஆனால் அதிலிருந்து கிளம்பும் ரவைகள் சில நூறு மீட்டருக்குள் தரையில் விழுந்துவிடும்.

வித்தியாசம் எங்கே இருக்கிறது? எடையிலும் வேகத்திலும். ராணுவத்தின் 5.56 மி.மீ. குண்டு சுமார் 4 கிராம். குழலை விட்டுக் கிளம்பும்போது அதன் ஆற்றல் ஏறத்தாழ 1,700 ஜூல். 7.62 மி.மீ. நேட்டோ ரகக் குண்டுக்கு ஏறத்தாழ 3,300 ஜூல். 12.7 மி.மீ. குண்டின் எடை 42 கிராமுக்கு மேல், வேகம் விநாடிக்குக் கிட்டத்தட்ட 890 மீட்டர். ஆற்றல் 17,000 ஜூலை நெருங்குகிறது. விட்டம் 5.56-ஐப் போல இரண்டேகால் மடங்குதான்; ஆற்றலோ பத்து மடங்கு.

ஆங்கிலேயர் காலத்துக் காவல் துறைக்கு இந்தக் கணக்கு நன்றாகவே தெரிந்திருந்தது. கூட்டத்தைக் கலைக்க .303 ரைபிள் அபாயம், குண்டு ரொம்ப தூரம் போகும் என்பதால், அதே ரைபிளின் குழலைக் குடைந்து .410 மஸ்கட்டாக மாற்றிக் காவலர்களிடமும் சிறைக் காவலர்களிடமும் கொடுத்தார்கள். துளை பெரிதானது, சக்தியும் தூரமும் குறைந்தன.

நம் திருச்சி துப்பாக்கித் தொழிற்சாலையில் உருவான ‘வித்வன்சக்’ ரைபிளும் இதற்கு நல்ல உதாரணம். வாகனம், பதுங்கு குழி போன்ற இலக்குகளைத் தாக்குவதற்கானது. குழலை மாற்றி 12.7, 14.5, 20 மி.மீ. என மூன்று அளவுகளிலும் சுடலாம். முதல் இரண்டுக்கும் சொல்லப்படும் பயன்தூரம் 1,800 மீட்டர். மூன்றிலும் பெரிதான 20 மி.மீ.க்கு 1,300 மீட்டர்தான்.

பக்கத்தில் போனாலே ஆள் காலியா?

இல்லை. குண்டு ஒலியைவிட வேகமாகப் போவதால் ‘டப்’ என்று காதைப் பிளக்கும் சத்தம் எழும். அதிர்வலையும் உண்டு. ஆனால் அந்த அலையில் எவ்வளவு ஆற்றல் இருக்க முடியும்? குண்டு காற்றில் இழப்பது எவ்வளவோ அவ்வளவுதான். 12.7 மி.மீ. குண்டு தொடக்கத்தில் ஒரு மீட்டர் தூரத்தைக் கடக்கும்போது இழப்பது சுமார் 20 ஜூல். ஒரு வேகப்பந்து வீச்சாளர் போடும் கிரிக்கெட் பந்தின் ஆற்றலே 100 ஜூலுக்குப் பக்கம் வரும். அதில் ஐந்தில் ஒரு பங்கு, அதுவும் நாலாபக்கமும் காற்றில் சிதறிப்போவது, யாருடைய கையையும் பிய்க்காது. போகிற வழியெல்லாம் கையைப் பிய்க்கும் அளவுக்கு ஆற்றலை இறைத்துக்கொண்டே போகிற குண்டு, கிலோமீட்டர் கணக்கில் பறக்கவும் முடியாது.

குண்டு பட்டவர் பத்தடி தூக்கி எறியப்படுவதும் சண்டைப் பயிற்சியாளர் கட்டும் கயிற்றின் வேலைதான். 42 கிராம் குண்டு தன் உந்தம் முழுவதையும் 70 கிலோ ஆளிடம் கொடுத்தாலும், அவர் நகரும் வேகம் விநாடிக்கு அரை மீட்டரைச் சற்றுத் தாண்டும். மெதுவாக நடப்பதைவிடக் குறைவு. கொல்வது தள்ளும் விசை அல்ல, உடலுக்குள் ஏற்படும் சிதைவு.

ஜெனிவாவில் தடை இருக்கிறதா?

“பெரிய தோட்டாவை ஆள் மேல சுடக்கூடாது, அவன் போட்டிருக்கிற ஹெல்மெட் மேலதான் சுட்டேன்னு சொல்லணும்” என்ற ஜோக் பல நாட்டுப் பட்டாளங்களில் உலவுகிறது. காலிபர் அளவை வைத்து மனிதர்கள் மீது சுடுவதைத் தடுக்கும் சர்வதேச ஒப்பந்தம் எதுவும் இல்லை.

இருக்கும் தடைகள் வேறு. 1868-இல் செயின்ட் பீட்டர்ஸ்பர்க் பிரகடனம் 400 கிராமுக்குக் குறைவான வெடிக்கும் குண்டுகளைப் போரில் தவிர்க்கச் சொன்னது. 1899-இல் ஹேக் பிரகடனம் உடலுக்குள் போய் விரியும் குண்டுகளுக்குத் தடை போட்டது. இரண்டாவதற்கும் இந்தியாவுக்கும் நேரடித் தொடர்பு உண்டு. 1890-களில் கொல்கத்தாவை அடுத்த டம் டம் ஆயுதச் சாலையில், வடமேற்கு எல்லைப் போர்களுக்காக நுனியில் ஈயம் தெரியும்படி .303 குண்டுகள் தயாரிக்கப்பட்டன. ‘டம் டம் குண்டு’ என்ற பெயரே உலக அகராதிகளில் ஏறிவிட்டது. ஆகவே ஒரு 12.7 மி.மீ. குண்டு சட்டச் சிக்கலில் மாட்டுவது அதன் பருமனுக்காக அல்ல. உள்ளே வெடிமருந்து இருந்து, அது மனித உடலில் வெடிக்குமா என்ற கேள்விக்காக.

பெரியதுக்குத் தடை, சின்னதுக்கு உரிமமா?

உரிமம் கேட்டு வருகிறவர்களைக் குழப்புவது இதுதான். ஆயுதச் சட்டம் 1959-உம், 2016-இல் வந்த விதிகளும் துளையின் அளவைப் பார்த்துத் தடை போடவில்லை. .303, 7.62 மி.மீ. ரைபிள், .410 மஸ்கட், 9 மி.மீ. கைத்துப்பாக்கி எல்லாம் ‘தடை செய்யப்பட்ட போர்’. ஆனால் .303-ஐவிடப் பருமனான .315 ரைபிளுக்கு மாவட்ட அளவிலேயே உரிமம் கேட்கலாம். யானை வேட்டைக் காலத்து .375-உம் அதே வகை.

காரணம் அரசியல். சிப்பாய்கள் கையிலிருக்கும் தோட்டா வெளியே போனால் அது பொருந்தும் துப்பாக்கி பொதுமக்களிடம் இருக்கக் கூடாது என்று ஆங்கிலேய அரசு நினைத்தது. 1857-இன் பயம் அவ்வளவு சீக்கிரம் தெளியவில்லை. அந்தப் பயத்தின் நிழல் இன்றைய விதிப் பட்டியலிலும் இருக்கிறது. உரிமம் உள்ளவர்களுக்கு 2019 திருத்தம் இன்னொன்றையும் சேர்த்தது. கல்யாணம், திருவிழா என்று மகிழ்ச்சிக்காகச் சுட்டுப் பிறர் உயிருக்கு ஆபத்து விளைவித்தால் இரண்டு ஆண்டு வரை சிறை, அல்லது ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். வானத்தைப் பார்த்துச் சுட்டால் ஒன்றும் ஆகாது என்பதும் கதைதான். செங்குத்தாகப் போன குண்டு வேகம் இழந்து விழும். சாய்வாகப் போனது வேகத்தோடு எங்கோ இறங்கும்.

நிஜமான பயம்: எவ்வளவு தூரம் போகும்?

இங்கேதான் விஷயம் இருக்கிறது. ‘பயன்தூரம்’ என்று புத்தகத்தில் போடப்படும் எண், சுடுபவர் இலக்கை அடிக்கக்கூடிய தூரம். குண்டு அதோடு நின்றுவிடாது. இன்சாஸ் ரைபிளின் பயன்தூரம் 400 மீட்டர், 5.56 மி.மீ. குண்டு சரியான சாய்வில் கிளம்பினால் மூன்று கிலோமீட்டரைத் தாண்டும். 12.7 மி.மீ. குண்டு 6.7 கிலோமீட்டர் வரை போகக்கூடியது. வேங்கிக்கால் ஆட்சியர் அலுவலகத்தை மையமாக வைத்து அந்த அளவில் ஒரு வட்டம் போட்டால் பெரிய கோயில், பேருந்து நிலையம், ரயில் நிலையம், அண்ணாமலையின் உச்சி எல்லாம் அதற்குள் அடங்கும். இங்கே யாரும் அப்படிச் சுடப்போவதில்லை. அளவு புரிவதற்காக மட்டுமே இந்த வட்டம்.

இது ஏட்டுக் கணக்கு அல்ல என்பதற்குப் புதுக்கோட்டை மாவட்டம் சாட்சி. 2021 டிசம்பர் 30 அன்று நார்த்தாமலை அருகே துப்பாக்கி சுடும் பயிற்சித் தளத்தில் மத்திய தொழில் பாதுகாப்புப் படையினர் பயிற்சி எடுத்துக்கொண்டிருந்தனர். சுமார் இரண்டு கிலோமீட்டர் தள்ளி, தாத்தா வீட்டில் இருந்த 11 வயதுச் சிறுவனின் தலையில் ஒரு குண்டு பாய்ந்தது. தஞ்சாவூர் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் அறுவைச் சிகிச்சை நடந்தும் பலனில்லை. 2022 ஜனவரி 3 அன்று சிறுவன் இறந்தான். தளம் தற்காலிகமாக மூடப்பட்டது. முதல்வர் 10 லட்சம் ரூபாய் நிவாரணம் அறிவித்தார்.

“அவ்ளோ தூரம் எப்படிங்க போகும்?” என்றுதான் அன்று பலரும் கேட்டார்கள். போகும். குழல் கிடைமட்டத்திலிருந்து சில டிகிரி உயர்ந்தாலே போதும். அல்லது பாறையில் பட்டுத் தெறித்தாலும் போதும். 2017-இல் இராக்கில் கனடா நாட்டு வீரர் ஒருவர் 12.7 மி.மீ. ரைபிளால் 3,540 மீட்டர் தொலைவில் இருந்த இலக்கை அடித்ததை உலகமே வியந்து பேசியது. அவ்வளவு தூரத்தில் குறிபார்த்து அடிப்பது சாதனை. குறியே இல்லாமல் அவ்வளவு தூரம் போய் விழுவதற்கு எந்தத் திறமையும் தேவையில்லை.

2018 மே மாதம் தூத்துக்குடியில் ஸ்டெர்லைட் எதிர்ப்புப் போராட்டத்தின்போது நடந்த துப்பாக்கிச் சூட்டிலும் இதே கேள்வி எழுந்தது. 13 பேர் உயிரிழந்த அந்த நாட்களில் காவல் துறையின் கையில் எஸ்.எல்.ஆர். ரைபிளும் இருந்தது. அது சுடுவது 7.62 மி.மீ., போர்க்களத்துக்கென்று வடிவமைத்த குண்டு. ஓர் உடலைத் துளைத்துக்கொண்டு போய்ப் பின்னால் நிற்பவரையும் தாக்கும் வலு அதற்கு உண்டு. .303 கூட்டத்துக்கு ஆகாது என்று அந்தக் காலத்திலேயே குழலைக் குடைந்து மாற்றிய ஒரு துறை, சுதந்திர நாட்டில் அதைவிடச் சளைக்காத துப்பாக்கியைக் கூட்டத்துக்கு முன் கொண்டுவந்து நிறுத்தியது எப்படி என்று கேட்பதில் தவறே இல்லை.

பயிற்சித் தளங்கள் தேவை. சுடத் தெரியாத காவலர் இன்னும் ஆபத்தானவர். ஆனால் ‘எதிரே மலை இருக்கே, தாண்டாது’ என்ற நம்பிக்கையில் பல பத்தாண்டுகளுக்கு முன் தேர்ந்தெடுத்த இடங்களைச் சுற்றி இன்று வீடு, பள்ளிக்கூடம், வீட்டுமனைப் பிரிவு எல்லாம் வந்துவிட்டன. அப்போது சுட்ட துப்பாக்கியும் இப்போது சுடும் துப்பாக்கியும் ஒன்றல்ல. ராணுவத்தின் களப்பயிற்சிக்கு 1938-ஆம் ஆண்டிலிருந்தே தனிச் சட்டம் உண்டு. பகுதியை அறிவிக்க வேண்டும், மக்களுக்கு முன்கூட்டியே சொல்ல வேண்டும், சேதம் வந்தால் இழப்பீடு தர வேண்டும் என்கிறது அது. காவல் துறையும் மத்தியப் படைகளும் பயன்படுத்தும் ஒவ்வொரு தளத்துக்கும் குறைந்தபட்சம் இதே ஒழுங்கு வேண்டும். எந்தத் துப்பாக்கிக்கு எவ்வளவு தூரம் அபாய எல்லை என்ற வரைபடம் ஊராட்சி அலுவலகச் சுவரில் இருக்க வேண்டும். அந்த எல்லைக்குள் வீடு இருந்தால் ஒன்று தளம் மாற வேண்டும், அல்லது அங்கே சுடும் துப்பாக்கி மாற வேண்டும். சிவப்புக் கொடியும் தண்டோராவும் மட்டும் இரண்டு கிலோமீட்டர் தள்ளி இருப்பவரைக் காப்பாற்றாது.

கீழே கிடந்தால்?

தளங்களைச் சுற்றியுள்ள ஊர்களில் பிள்ளைகள் பித்தளை பொறுக்குவது வழக்கம். சுட்டு முடித்த காலி உறையின் வாய் திறந்திருக்கும், அடியில் ஊசி குத்திய பள்ளம் தெரியும். நுனியில் குண்டு இருந்தால் அது சுடாத தோட்டா. பழசு, துரு ஏறியது என்பதால் செத்துப்போனது என்று அர்த்தமில்லை. அதைத் தட்டக் கூடாது, நெருப்பில் போடவே கூடாது. துப்பாக்கி இல்லாமலே உறை வெடித்துத் துண்டுகள் கண்ணையும் கையையும் பதம்பார்த்துவிடும். பெரிய ரகங்களில் நுனியில் வண்ணம் பூசியிருந்தால் உள்ளே தீப்பற்றும் மருந்தோ வெடிமருந்தோ இருக்கலாம். காயலான் கடைக்குப் போட எடுத்துவருவதும் கூடாது. உரிமம் இல்லாமல் தோட்டா வைத்திருப்பதே குற்றம். கிடந்த இடத்திலேயே விட்டுவிட்டு, அடையாளம் வைத்து, 112-க்கோ பக்கத்துக் காவல் நிலையத்துக்கோ சொன்னால் போதும்.