பேட்டிச் சான்றை எடைபோடுவது குறித்து எங்கள் நிலைப்பாடு

காசநோய் மாத்திரையைப் பாதியில் விட்டவர்களிடம் எடுக்கும் பேட்டிகள் சான்றாகுமா, வெறும் பேச்சா? யானைக்கவுனி, ராயபுரம் பகுதிகளில் பணியாற்றும் செவிலியர்களாகிய எங்கள் பதில் இது: சான்றுதான். ஆனால் சோதித்துப் பார்க்காமல் எந்தப் பேட்டியையும் சான்றென்று ஏற்கக்கூடாது.

வீட்டிலிருந்தே மருந்து சாப்பிட்டாலும் சானடோரியத்தில் தங்கியவரைப் போலவே குணமாகலாம் என்பதை 1956இல் தொடங்கிய சென்னை ஆய்வு 1959இல் உலகுக்குக் காட்டியது. எண்களால் நிறுவப்பட்ட உண்மை அது. எங்களுக்கு அதில் பெருமை உண்டு. ஆனால் மூட்டை தூக்கும் ஒருவர், இருமல் நின்ற இரண்டாம் மாதத்திலேயே மாத்திரையை ஏன் நிறுத்துகிறார் என்பதை அவரிடம்தான் கேட்க வேண்டும். அப்படிக் கேட்டு எழுதிய ஆய்வேட்டை, "பன்னிரண்டு பேர்தானா?" என்ற ஒரே காரணத்துக்காகத் திருப்பி அனுப்புவது தவறு.

தலையை எண்ணுவதற்கு முன், கேட்டவர் யார் என்று பாருங்கள். மாத்திரை கொடுக்கும் செவிலியரே பேட்டியும் எடுத்தால், "ஒழுங்கா சாப்பிடறேன் சிஸ்டர்" என்ற பதில்தான் வரும். மாமியார் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போது, நோயை மறைத்த கதையை மருமகள் சொல்லமாட்டாள். பேட்டி எங்கே, யார் முன்னிலையில் நடந்தது என்று சொல்லாத ஆய்வு, நூறு பேரிடம் பேசியிருந்தாலும் எங்கள் கணக்கில் பலவீனமானதே. சிகிச்சையின் ஆறு மாதமும் விடாமல் மாத்திரை சாப்பிட்டு முடித்தவரைத் தேடிப்போய்க் கேட்காத ஆய்வும் அப்படித்தான்.

பல ஆய்வுகளைத் தொகுக்கும்போது உலக சுகாதார நிறுவனம் கையாளும் கிரேடு-செர்க்வல் முறை, ஆய்வை மொத்தமாக அல்லாமல் ஒவ்வொரு முடிவையும் தனித்தனியே எடைபோடுகிறது. ஆய்வு நடத்தியதில் உள்ள குறைகள், முடிவு தகவலோடு ஒத்துப்போவது, தகவலின் செறிவு, நம் சூழலுக்குப் பொருந்துவது ஆகிய நான்கையும் பார்த்து, உயர்ந்தது முதல் மிகக் குறைந்தது வரை நம்பகத்தன்மையை வகுக்கிறது. 2018இல் வந்த பிரசவகாலப் பராமரிப்பு வழிகாட்டுதலில் தாய்மார்களின் அனுபவங்கள் இப்படித்தான் இடம்பெற்றன. சூழல் பொருத்தத்தைப் பார்ப்பது இதனால்தான்: கேரளத்துக் கிராமத்தில் வலுவாக நின்ற ஒரு முடிவு, எண்ணூரின் ஷிப்டுத் தொழிலாளிக்கு அப்படியே பொருந்திவிடாது.

நெறிமுறைக் குழுக்களும் ஆய்வு வழிகாட்டிகளும் மாதிரி எண்ணிக்கையை மட்டும் வைத்து முடிவெடுப்பதை நிறுத்த வேண்டும். ஆய்வு செய்யும் தங்கைகளே, தம்பிகளே, உங்கள் முடிவின் நம்பகத்தன்மை குறைவு என்றால் குறைவு என்றே எழுதுங்கள்.