வலியை மறைப்பது பொறுமையாகாது

ஜும்ஆத் தொழுகை முடிந்ததும் பள்ளிவாசலின் தூணைப் பற்றிக்கொண்டு எழ முயலும் முதியவர்களை நீங்கள் கண்டிருப்பீர்கள். மூட்டுவலியால் முகம் சுருங்கும். ஆயினும் நலம் விசாரித்தால் "அல்ஹம்துலில்லாஹ்" என்பதே விடையாக வரும். அந்த நாவு போற்றத்தக்கது. ஆனால் அதே பெரியவரின் சட்டைப்பையில், எந்த மருத்துவரும் எழுதித் தராத வலி மாத்திரைகள் இருக்கக்கூடும். பிள்ளைகளுக்குத் தொல்லை தரலாகாது என்றெண்ணி, அவராகவே கடையில் கேட்டு வாங்கியவை அவை.

நோயைத் தந்த இறைவன் அதற்குரிய நிவாரணத்தையும் தந்திருக்கிறான் என்பது அண்ணல் நபி (ஸல்) அவர்களின் போதனை. எனவே மருந்து தேடுவது சபுருக்கு மாறானதன்று. அதே வேளையில், மருத்துவம் அறியாதவர் மருத்துவம் செய்தால் அதன் விளைவுக்கு அவரே பொறுப்பாளி என்ற எச்சரிக்கையும் அபூதாவூது தொகுப்பில் காணப்படுகிறது. "எனக்குக் கேட்டது, உங்களுக்கும் கேட்கும்" என்று மாத்திரையை நீட்டுவோர் இதைச் சிந்திக்க வேண்டும்.

முதுமையில் சிறுநீரகத்தின் ஆற்றல் குறைகிறது. டைக்ளோஃபினாக், இபுபுரூஃபன் போன்ற மாத்திரைகள் வலியை விரைந்து தணிக்கும், ஆனால் இரைப்பையில் புண்ணையும் இரத்தக் கசிவையும் உண்டாக்கலாம், இரத்த அழுத்தத்தை உயர்த்தலாம், சிறுநீரகத்தைக் கெடுக்கலாம். இதய நோயாளிகளுக்கும், இரத்தம் உறையாதிருக்க மருந்துண்போருக்கும் ஆபத்து இன்னும் மிகுதி. நோன்பில் நீர் வற்றிய உடலுக்கும் அவ்வாறே. நோன்பு நோற்க இயலாத முதியவர் ஏழைக்கு உணவளித்து ஈடு செய்யலாமென மார்க்கம் வழிகாட்டியிருக்க, ஸஹரில் இம்மாத்திரைகளை விழுங்கி உடலைக் கெடுத்துக்கொள்வானேன்?

பாதுகாப்பான வழிகள் இல்லாமல் இல்லை. வெந்நீர் ஒத்தடம், தொடைத் தசைகளை வலுவாக்கும் பயிற்சி, எடைக் குறைப்பு, ஊன்றுகோல் ஆகியவற்றை முதலில் நாடுங்கள். முழங்காலில் தடவும் டைக்ளோஃபினாக் களிம்பு, மாத்திரையைவிட மிகக் குறைவாகவே இரத்தத்தில் கலக்கிறது; ஆதலால் தீங்கும் குறைவு. மாத்திரை வேண்டுமெனில், அளவோடு உண்ணும் பாரசிட்டமால் பெரும்பாலோர்க்குத் தீங்கு குறைந்தது. அதற்கும் வரம்புண்டு. உடல்நலம் உள்ளவரே ஒரு நாளில் 4 கிராமுக்கு, அதாவது 500 மில்லிகிராம் மாத்திரை 8-க்கு மேல் உண்ணக் கூடாது. தள்ளாத வயதினர், 50 கிலோவுக்குக் குறைந்த எடையினர், ஈரல் நோயாளிகள் ஆகியோருக்குரிய அளவு அதனினும் குறைவு. அதை மருத்துவரே வரையறுக்க வேண்டும். சளி மாத்திரைகள் பலவற்றிலும் பாரசிட்டமால் உண்டென்பதை மறவாதீர்கள். மூட்டுவலிக்கென விற்கப்படும் பெயரற்ற பொடிகளில் ஸ்டீராய்டு கலந்திருப்பது பலமுறை கண்டறியப்பட்டுள்ளது, அவற்றைத் தொடாதீர்கள். மலம் கறுத்தாலும், சிறுநீர் குறைந்தாலும், கால் வீங்கினாலும் உடனே மருத்துவரிடம் விரையுங்கள்.

தொழுகைக்காக வலியை அடக்கிக்கொள்ள வேண்டியதும் இல்லை. மூலநோயால் வருந்திய இம்ரான் பின் ஹுசைன் (ரலி) அவர்களுக்கு, நின்று தொழ இயலாவிடில் அமர்ந்தும், அதுவும் இயலாவிடில் ஒருக்களித்துப் படுத்தும் தொழுமாறு பெருமானார் (ஸல்) வழிகாட்டினார்கள் என்று புகாரி தொகுப்பு கூறுகிறது. மார்க்கம் தந்த சலுகையை ஏற்பது பலவீனமன்று. நாற்காலியில் அமர்ந்து தொழும் முதியவரை ஏளனமாக நோக்குவோரே வெட்கப்பட வேண்டும்.

பிள்ளைகளே! முதுமையடைந்த பெற்றோரிடம் சலிப்பின் சிறு ஒலியையும் எழுப்பலாகாது எனத் திருமறை கட்டளையிடுகிறது. நாம் சலித்துக்கொள்வோம் என்ற அச்சத்தாலேயே அவர்கள் வலியை மறைக்கிறார்கள் என்றால், அக்கட்டளையை நாம் எங்ஙனம் பேணினோம்? இன்று வீடு திரும்பியதும் வாப்பாவின் அருகில், உம்மாவின் அருகில் சற்று அமருங்கள். "எங்கே வலிக்கிறது?" என்று கேளுங்கள். அவர்கள் உண்ணும் மாத்திரைகள் அனைத்தையும் ஒரு பையில் எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். நம்மைச் சுமந்து தேய்ந்த மூட்டுகள் அவை.

வல்ல அல்லாஹ் நம் பெற்றோர் அனைவருக்கும் நல்லாரோக்கியத்தை அருள்வானாக! ஆமீன்.