லயத்தை வரையப் போவது யார்?

திரையிலும் தொலைக்காட்சியிலும் நடிகரைக் காண்கிறோம். அவர் நிற்கும் வீட்டை அமைத்தவரைக் காண்பதில்லை. சுவரின் நிறம், அடுப்பின் கரி, வாசற்படியின் தேய்வு ஆகிய யாவற்றையும் தீர்மானிப்பவர் கலை இயக்குநர். அவர் காட்டும் வீடே நாளை மக்கள் மனத்தில் உண்மை வீடாக நிலைத்துவிடும். ஏர் பூட்டும் முறையைப் படத்தில் பிழையாகக் காட்டினால் உழவன் நகைப்பான், பட்டணத்தான் நம்பிவிடுவான். ஆகையால் இது வெறும் பொழுதுபோக்குப் பேச்சன்று. ஒரு மக்களின் வரலாற்றை எவர் எழுதுவது என்னும் அரசியல் வினாவாகும்.

எமது மலைநாடு படப்பிடிப்புக்குப் புதியதன்று. ஹட்டனிலிருந்து கொழும்புக்கு இறங்கும் பாதையிலுள்ள கித்துள்கலையில், களனி கங்கையின் மீது ஒரு மரப்பாலத்தை எழுப்பி, ரயிலோடு சேர்த்துத் தகர்த்தனர். 1957-ல் வெளிவந்து ஏழு ஆஸ்கார் விருதுகள் பெற்ற ‘குவாய் ஆற்றுப் பாலம்’ அப்படமே. பாலத்தை வடிவமைத்தவர் டொனால்ட் ஆஷ்டன். அந்த ஏழில் கலை இயக்கத்துக்கு ஒன்றுமில்லை! 1984-ல் வெளிவந்த இந்தியானா ஜோன்ஸ் படத்துக்காகக் கண்டி ஹந்தானைத் தேயிலை மலையில் ஓர் இந்தியக் கிராமம் முளைத்தது. எம் மலை சயாமாயிற்று, இந்தியாவுமாயிற்று. எம் மலை எம் மலையாகவே நின்ற படங்கள் எத்தனை? வி. பி. கணேசன் 1975-ல் தந்த ‘புதிய காற்று’ போன்ற சிலவே.

எம் பிள்ளைகளுக்கு இத்தொழில் எட்டாக் கனியா? ஆனைமலைத் தேயிலைத் தோட்டங்கள் சூழ்ந்த வால்பாறையில் பிறந்த சாபு சிரில், கலை இயக்கத்துக்கான இந்தியத் தேசிய விருதை நான்கு முறை பெற்றவர். ‘பாகுபலி’யின் மகிழ்மதியை எழுப்பியவரும் அவரே. தோட்டா தரணி ‘நாயகன்’ (1987) படத்துக்காகத் தாராவியின் சந்துகளைச் சென்னையில் கட்டித் தேசிய விருது பெற்றார். கலை இயக்குநர் எவராயினும் முதலில் தேடுவது அளவும் வரைபடமும் பழைய புகைப்படமுமே. எம் லயங்களைப் பற்றி அவர் கேட்டால் எதை எடுத்துக் கொடுப்போம்?

லயங்கள் இடிய வேண்டும். பத்துக்குப் பன்னிரண்டு அடிக் காம்பராவில் ஒரு குடும்பத்தை அடைத்த கொடுமை ஒழிய வேண்டும். 2017-ல் நோர்வூட்டுக்கு வந்த இந்தியப் பிரதமர் மேலும் 10,000 வீடுகளை அறிவித்தார். ஏழு பேர்ச் காணியும் அதற்கான உறுதியும் எம் மக்களின் உரிமை; அக்கோரிக்கையில் அணுவளவும் தளரோம். ஆனால் இடிக்குமுன் அளந்து வைப்போம்!

நீதிமன்றம் அறிந்தோர்க்கு இது விளங்கும். ஆவணம் அழிந்த வழக்கில் பொய்ச் சாட்சி வெல்லும். 1948-ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டம் எம் மக்களிடம் கேட்டதும் ஆவணந்தானே? முன்னோர் இம்மண்ணில் பிறந்ததற்குப் பத்திரம் காட்ட இயலாமல் இலட்சக்கணக்கானோர் நாடற்றோராயினர். ஏடில்லாமையின் விலையை எம்மைவிட நன்கறிந்தவர் எவர்?

ஆகவே சொல்கிறோம். நில அளவையாளரே, பொறியியலாளரே, சில ஞாயிறுகளைத் தாருங்கள். இஸ்தோப்பின் அகலம், கூரைத் தகரத்தின் சரிவு, பீலி இருந்த இடம், பிரட்டுக்களத்துக்கும் துரை பங்களாவுக்கும் இடையிலான தூரம் அனைத்தையும் வரைந்து வையுங்கள். கொட்டகலை ஸ்ரீபாத கல்வியியற் கல்லூரி மாணவர் அப்பணியில் இறங்கட்டும். மட்டக்களப்பு சுவாமி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் கலை பயிலச் செல்லும் மலையகப் பிள்ளைக்குத் தொழிற்சங்கங்கள் சந்தாப் பணத்தில் உதவித்தொகை ஒதுக்கட்டும். ஒவ்வொரு பகுதியிலும் ஒரு லயமேனும் நினைவுச் சின்னமாய் நிற்கட்டும்.

லயத்தில் பிறந்த பிள்ளையே லயத்தை வரையட்டும். இன்றேல், எம் பாட்டிமார் புகையில் இருமிக் கிடந்த காம்பராவுக்கு நாளைய திரையில் யாரோ ஒருவர் அழகிய சாளரம் வைத்துவிடுவார்; எம் பேரப்பிள்ளைகளும் அதை நம்பிவிடுவர்.